வீட்டுக் கடனின் முழு விலை



பிழைப்பின் பொருட்டுத் தமிழகத்தை விட்டு வந்து, மும்பையின் மாட்டுங்காவிலும் செம்பூரிலும், தில்லியின் கரோல்பாகிலும், கொல்கத்தாவின் லேக் மார்க்கெட் வட்டாரத்திலும், பெங்களூரின் அல்சூரிலும் குடியமர்ந்த தமிழ்க் குடும்பங்கள் பல. இக்குடும்பங்களில் ஏதேனும் ஓர் ஆண்டில் ஒரு கேள்வி எழுந்தே தீரும். “இன்னும் எத்தனை காலத்துக்கு வாடகை கொடுத்துக்கொண்டிருப்பது?” என்பதே அக்கேள்வி. வீட்டுக்காரர் வாடகையை உயர்த்திய மாதத்திலோ, ஒப்பந்தக் காலம் முடிந்து வேறு வீடு தேடி அலையும் நாட்களிலோ இக்கேள்வி மேலும் கூர்மை அடைகிறது. அச்சமயம் பார்த்து ஒருவர் வந்து, “வாடகை கொடுத்தால் கையில் மிஞ்சுவது ரசீது, தவணை கட்டினால் மிஞ்சுவது வீடு” என்று சொல்லிவிட்டுப் போகிறார். கேட்பதற்கு இனிமையான வாக்கியம் இது. இதில் உண்மையும் உண்டு. ஆனால் முழு உண்மை இல்லை. அந்த விடுபட்ட பகுதியைக் கணக்குப் போட்டுப் பார்ப்பதே இன்றைய பேச்சின் நோக்கம்.

நம் முன்னோர்க்கு அடமானம் புதிதன்று. தமிழ்நாட்டுக் கிராமங்களில் ஒற்றி என்றொரு முறை உண்டு. கடன் கொடுத்தவர் நிலத்தைத் தம் வசம் எடுத்துக்கொண்டு அதன் விளைச்சலை அனுபவிப்பார். அவ்விளைச்சலே அவருக்கு வட்டி. அசலைத் திருப்பிக் கொடுக்கும் நாளில் நிலம் உரியவரிடம் திரும்பும். 1882-ஆம் ஆண்டின் சொத்து மாற்றுச் சட்டம் இம்முறையையும் அடமானத்தின் ஒரு வகையாக ஏற்றிருக்கிறது. உரிமைப் பத்திரங்களை மட்டும் ஒப்படைத்துக் கடன் பெறும் முறையையும் அதே சட்டம் கூறுகிறது. இன்று வங்கிகளில் நாம் பெறும் வீட்டுக் கடன் பெரும்பாலும் இந்த இரண்டாவது வகையைச் சேர்ந்தது. இரண்டுக்கும் ஒரு பெரிய வேறுபாடு உண்டு. ஒற்றி வைத்தவன் தன் வயலில் மற்றொருவன் அறுவடை செய்வதை ஆண்டுதோறும் கண்ணால் கண்டான். வட்டி எவ்வளவு என்பது அவனுக்குத் தெரிந்தது. வங்கிக் கடனிலோ வீடு நம்மிடமே இருக்கிறது. வட்டி மாதத் தவணைக்குள் மறைந்து நிற்கிறது. கண்ணில் படாத செலவு மனத்தில் உறைப்பதில்லை.

ஓர் உதாரணம் கொள்வோம். ஒருவர் 50 லட்சம் ரூபாய் கடன் பெறுகிறார். வட்டி ஆண்டுக்கு நூற்றுக்கு 9 வீதம். தவணைக் காலம் 20 ஆண்டுகள், அதாவது 240 மாதங்கள். மாதத் தவணை 44,986 ரூபாய். வட்டி விகிதம் இறுதிவரை மாறாது என்றே வைத்துக்கொள்வோம். 240 தவணைகளையும் கூட்டினால் வருவது சுமார் 1 கோடியே 7 லட்சத்து 97 ஆயிரம் ரூபாய். இதில் அசல் 50 லட்சம். எஞ்சிய 57 லட்சத்து 97 ஆயிரமும் வட்டி. வாங்கியதைவிட வட்டியே அதிகம்.

இது எவ்வாறு நேர்கிறது? இதில் சூழ்ச்சி ஏதுமில்லை. மாதந்தோறும், நிலுவையில் உள்ள அசலுக்கு நூற்றுக்கு முக்கால் வீதம் வட்டி கணக்கிடுகிறார்கள். முதல் மாதம் 50 லட்சமும் நிலுவையில் இருப்பதால் வட்டி 37,500 ரூபாய் ஆகிறது. தவணையாகக் கட்டிய 44,986 ரூபாயில் இதைக் கழித்தால் மீதி 7,486 ரூபாய். அது மட்டுமே அசலில் வரவு வைக்கப்படுகிறது. அடுத்த மாதம் நிலுவை அவ்வளவு குறைந்திருப்பதால் வட்டியும் சிறிது குறையும். அசலுக்குச் செல்வது சிறிது கூடும். இவ்வாறு தராசின் தட்டு மெல்ல மெல்லத்தான் சாய்கிறது. தவணையில் வட்டியைவிட அசல் மிகுதியாவதற்கு 12 ஆண்டுகளுக்கு மேல் ஆகிறது.

ஆகவே, முதல் ஆண்டில் அவர் கட்டுவது சுமார் 5 லட்சத்து 40 ஆயிரம். கடன் குறைவது 94 ஆயிரம்கூட இல்லை. ஐந்து ஆண்டுகளில் கட்டுவது ஏறத்தாழ 27 லட்சம். கடன் குறைவது 5 லட்சத்து 65 ஆயிரம். பத்து ஆண்டுகள் ஒரு மாதமும் தவறாமல் கட்டிய பின் கணக்கைப் பார்த்தால், கட்டிய தொகை 54 லட்சம். இன்னும் கட்ட வேண்டிய அசல் 35 லட்சத்து 51 ஆயிரம். காலத்தில் பாதி கழிந்தது. கடனில் பாதி கழியவில்லை. கடன் பாதியாவது பதினான்காம் ஆண்டின் இறுதிக்குச் சற்று முன்னர்தான். வீட்டுக்குக் கொடுத்து வந்த வாடகை நின்றுவிட்டது. பணத்துக்குக் கொடுக்கும் வாடகை தொடங்கிவிட்டது என்றே இதனைக் கூறலாம்.

கடன் வாங்கச் செல்வோர் பெரும்பாலும் கேட்கும் கேள்வி, “மாதம் எவ்வளவு கட்ட வேண்டும்?” என்பது. தவணை கனமாகத் தோன்றினால் அதைக் குறைக்க எளிய வழி காட்டப்படும்: காலத்தை நீட்டுங்கள் என்பார்கள். அதே 50 லட்சத்தை அதே வட்டியில் 30 ஆண்டுகளுக்குப் பெற்றால் தவணை 40,231 ரூபாயாகக் குறைகிறது. மாதம் 4,755 ரூபாய் மிச்சம். ஆனால் மொத்த வட்டி 57 லட்சத்து 97 ஆயிரத்திலிருந்து 94 லட்சத்து 83 ஆயிரமாக உயர்கிறது. இதற்கு மாறாக 15 ஆண்டுகளில் அடைப்பதென்றால் தவணை 50,713 ரூபாய். மாதம் 5,727 ரூபாய் கூடுதல். மொத்த வட்டியோ 41 லட்சத்து 28 ஆயிரமாக இறங்கிவிடுகிறது. எனவே கேட்க வேண்டிய முதற்கேள்வி, “எத்தனை ஆண்டு?” என்பதே. “மாதம் எவ்வளவு?” என்பது அதற்கு அடுத்தது.

வட்டி மாறாது என்று மேலே கொண்டோம். நடைமுறையில் வீட்டுக் கடன்களில் பெரும்பாலானவை மாறும் வட்டிக் கடன்களே. 2019-ஆம் ஆண்டு அக்டோபர் முதல், வங்கிகள் புதிதாகக் கொடுக்கும் மாறும் வட்டி வீட்டுக் கடன்களை ரிசர்வ் வங்கியின் ரெப்போ விகிதம் போன்ற வெளி அளவுகோல் ஒன்றுடன் இணைக்க வேண்டும் என்பது விதி. 2022 மே மாதத்திலிருந்து 2023 பிப்ரவரிக்குள் அந்த ரெப்போ விகிதம் 4 வீதத்திலிருந்து 6.50 வீதத்துக்கு ஏறியது. பின்னர் 2025 பிப்ரவரி முதல் ஜூன் வரை 5.50 வீதத்துக்கு இறங்கியது.

இந்த ஏற்றம் ஒரு குடும்பத்தில் என்ன செய்யும்? 7 வீத வட்டியில் 50 லட்சம் ரூபாயை 20 ஆண்டுகளுக்குப் பெற்றவரின் தவணை 38,765 ரூபாய். கடன் பெற்ற சில நாட்களிலேயே வட்டி 9.50 வீதம் ஆகிவிட்டால், மாத வட்டி மட்டும் 39,583 ரூபாய். தவணை முழுவதும் வட்டிக்கே போதவில்லை. கட்டக் கட்டக் கடன் வளரும் நிலை. இதனாலேயே 2023 ஆகஸ்டில் ரிசர்வ் வங்கி சில விதிகளை வகுத்தது. வட்டி மாறும்போது தவணையும் காலமும் எவ்வாறு மாறும் என்பதைக் கடன் பெற்றவருக்குத் தெரிவிக்க வேண்டும். தவணையை உயர்த்துவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டையும் சிறிது சிறிது செய்வதா என்று தேர்ந்துகொள்ளும் உரிமை அவருக்கு உண்டு. காலத்தை நீட்டுவதன் விளைவாகக் கடன் வளரும்படி விடலாகாது. இவை அவ்விதிகளுள் முக்கியமானவை. வங்கியிலிருந்து இத்தகைய கடிதமோ குறுஞ்செய்தியோ வந்தால் படிக்காமல் விட்டுவிடாதீர்கள். பதில் சொல்லாதவரின் கடன் பல சமயம் காலத்தில் நீண்டுவிடுகிறது. அவ்வாறு நீளும் ஆண்டுகள் ஓய்வுபெற்ற பின்வரும் ஆண்டுகளாக இருந்தால் துன்பம் சொல்ல வேண்டியதில்லை.

வட்டி ஒன்றுதான் செலவென்று கருதுவதும் சரியன்று. வீட்டின் விலை முழுவதையும் வங்கி கொடுப்பதில்லை. 30 லட்சம் வரையிலான கடனுக்கு வீட்டு மதிப்பில் நூற்றுக்கு 90 வீதம், அதற்கு மேல் 75 லட்சம் வரை 80 வீதம், அதற்கும் மேற்பட்டால் 75 வீதம் என்பது ரிசர்வ் வங்கி வைத்திருக்கும் வரம்பு. ஆகவே 50 லட்சம் கடன் பெறுபவரின் வீடு குறைந்தது 62 லட்சத்து 50 ஆயிரம் மதிப்புள்ளதாக இருக்க வேண்டும். 12 லட்சத்து 50 ஆயிரம் அவரே போட வேண்டும். முத்திரைத் தீர்வையும் பதிவுக் கட்டணமும் அதற்குப் புறம்பே. இவை மாநிலத்துக்கு மாநிலம் வேறுபடுவன. தமிழ்நாட்டில் முத்திரைத் தீர்வை 7 வீதமும் பதிவுக் கட்டணம் 2 வீதமும் ஆகும். தில்லியில் பெண்கள் பெயரில் வாங்கினால் தீர்வை ஆண்கள் பெயரில் வாங்குவதைவிடக் குறைவு. பதிவுக் கட்டணம் 1 வீதம். ஊரில் உள்ள கணக்கை மனத்தில் வைத்துக்கொண்டு இங்கே பத்திரம் பதியச் செல்லலாகாது. கட்டி முடியாத அடுக்குமாடி வீட்டை வாங்கினால் சரக்கு மற்றும் சேவை வரியும் சேரும். பணி முடிவுச் சான்று பெற்ற பின் விற்கப்படும் வீட்டுக்கு அவ்வரி இல்லை.

கடனோடு சேர்த்துக் காப்பீடு ஒன்றை எடுக்கச் சொல்வதும் வழக்கம். குடும்பத் தலைவருக்கு ஏதேனும் நேர்ந்தால் கடன் சுமை குடும்பத்தின் மேல் விழாதிருக்கக் காப்பீடு வேண்டுவதே. ஆயினும் அதன் பிரீமியத்தை ஒரே தொகையாகக் கடனில் ஏற்றிவிட்டால், 1 லட்சம் ரூபாய் பிரீமியத்துக்கு 20 ஆண்டுகளில் கட்டுவது 2 லட்சத்து 16 ஆயிரம் ரூபாய் ஆகிறது. காப்பீட்டைத் தனியே எடுத்து ஆண்டுதோறும் பிரீமியம் கட்டினால் எவ்வளவு ஆகும் என்பதை ஒப்பிட்டுப் பார்த்து முடிவு செய்வது நல்லது.

இத்தனை கணக்கையும் நாமே போட வேண்டியதில்லை. 2024 அக்டோபர் முதல் நாளிலிருந்து வழங்கப்படும் கடன்களுக்கு, கையெழுத்திடுவதற்கு முன்பே முக்கிய விவர அறிக்கை ஒன்றைக் கடன் கொடுப்பவர் தர வேண்டும். வட்டியுடன் கட்டணங்களையும் சேர்த்துக் கணக்கிட்ட ஆண்டு விகிதம் அதில் இருக்கும். ஒவ்வொரு தவணையிலும் அசல் எவ்வளவு, வட்டி எவ்வளவு என்ற அட்டவணையும் இருக்கும். அந்த அறிக்கை கடன் பெறுபவருக்குப் புரியும் மொழியில் எழுதப்பட வேண்டும் என்பதும், அதன் உள்ளடக்கத்தை அவருக்கு விளக்க வேண்டும் என்பதும் விதி. மராத்தியோ, இந்தியோ, கன்னடமோ பேசப் பழகிவிட்டாலும், சட்டத் தாளைப் படிக்கும் அளவுக்கு அம்மொழியில் தேர்ச்சி பெறாதோர் நம்மவரில் அநேகர். அவர்கள் கூச்சமின்றி இவ்வுரிமையைக் கேட்டுப் பெறலாம். படித்து யோசிக்க மூன்று வேலை நாட்களேனும் அவகாசம் உண்டு. “இன்றே கையெழுத்துப் போடுங்கள்” என்று எவரேனும் அவசரப்படுத்தினால், அந்த அவசரம் உங்களுடையதன்று.

இனி மறுபக்கத்தையும் நியாயமாகப் பார்க்க வேண்டும். இருபது ஆண்டுகளுக்குப் பின் கட்டும் ரூபாய் இன்றைய ரூபாய்க்குச் சமமன்று. விலைவாசி ஆண்டுக்கு 5 வீதம் உயர்வதாகக் கொண்டால், இறுதித் தவணையான 44,986 ரூபாய் இன்றைய 17,000 ரூபாயின் பெறுமானமே உடையது. வாடகை ஏறிக்கொண்டே போகும்; தவணை, வட்டி ஏறினாலன்றி, அப்படியே நிற்கும். வரிச் சலுகையைப் பற்றியும் சொல்வார்கள். தாம் குடியிருக்கும் வீட்டின் வட்டிக்கு ஆண்டுக்கு 2 லட்சம் ரூபாய் வரை கழிவு பெறுவது பழைய வருமான வரி முறையில் மட்டுமே. புதிய முறையில் அது கிடையாது. ஆகவே கடன் வாங்குவதே தவறு என்று நான் கூறவில்லை. ஓரிடத்தில் நிலைத்து வாழப் போகிறவர்க்குச் சொந்த வீடு பெரும் பாதுகாப்பு. நிலைத்து வாழப் போகிறோமா என்பதுதான் கேள்வி.

வெளி மாநிலங்களில் வாழும் நம்மவர்க்கு இக்கேள்வி தனிப்பட்ட முறையில் பொருந்துகிறது. நம்மில் பலர் மாற்றலுக்கு உட்பட்ட உத்தியோகத்தில் இருப்பவர்கள். மேலே சொன்ன 62 லட்சத்து 50 ஆயிரம் ரூபாய் வீட்டைத் தில்லியில் ஒருவர் தம் பெயரில் வாங்கி, ஐந்தாம் ஆண்டு முடிவில் மாற்றலாகி விற்றுவிட்டுச் செல்கிறார் என்று கொள்வோம். அவர் கொடுத்த வட்டி 21 லட்சத்து 35 ஆயிரம். தீர்வையும் பதிவும் 4 லட்சத்து 37 ஆயிரம் என்று வைத்துக்கொள்வோம். இரண்டும் சேர்ந்து மாதத்துக்கு ஏறத்தாழ 42,900 ரூபாய் ஆகிறது. அத்தகைய வீடு மாதம் 20,000 ரூபாய் வாடகைக்குக் கிடைத்திருக்குமானால், ஐந்தாண்டு வாடகை 12 லட்சம். எஞ்சிய 13 லட்சத்து 72 ஆயிரத்தை ஈடுகட்ட, வீட்டின் விலை அவ்வைந்து ஆண்டுகளில் 22 வீதமாவது உயர்ந்திருக்க வேண்டும். உயர்ந்தால் நன்று. உயராவிட்டால், ரசீது மட்டுமே மிஞ்சிய வாடகைக்காரரே லாபமடைந்தவர் ஆவார். இதில் பராமரிப்புச் செலவும், தாம் போட்ட 12 லட்சத்து 50 ஆயிரத்தின் வருவாய் இழப்பும் சேரவில்லை.

மற்றொரு வழக்கமும் நம்மிடையே உண்டு. இங்கே வாடகைக்கு இருந்துகொண்டே, ஓய்வுபெற்ற பின் திரும்பி வாழ்வோம் என்ற எண்ணத்தில் ஊரில் கடன் வாங்கி வீடு கட்டுவது. பெற்றோர் அங்கே வாழ்ந்தால் அதன் பயன் வேறு. ஆள் இல்லாத வீடாயின், வாடகையும் தவணையும் ஒருங்கே சுமக்க வேண்டும். சொத்து வரி, மராமத்து, பார்த்துக்கொள்பவருக்குக் கூலி என்று செலவும் உண்டு. ஓய்வுபெறும் காலத்தில் பிள்ளைகள் எந்த ஊரில் இருப்பார்கள், நாம் எங்கே இருக்க விரும்புவோம் என்பதை, கட்டுமுன் கணவனும் மனைவியும் அமர்ந்து பேசுதல் வேண்டும். பூட்டிய வீட்டுக்கும் வட்டி நிற்பதில்லை.

ஏற்கெனவே கடன் பெற்றுவிட்டோர் என் செய்வது? அவர்களுக்கும் வழியுண்டு. கடனின் தொடக்க ஆண்டுகளில் கூடுதலாகச் செலுத்தும் பணத்துக்கு வலிமை அதிகம். நம் உதாரணத்தில், முதல் ஆண்டு முடிவில் 1 லட்சம் ரூபாய் கூடுதலாகக் கட்டி, தவணையை மாற்றாமல் வைத்தால், கடன் ஏறத்தாழ ஓராண்டு முன்னதாகவே முடிகிறது. மிஞ்சும் வட்டி 4 லட்சத்து 27 ஆயிரம். அதே ஒரு லட்சத்தைப் பதினைந்தாம் ஆண்டு முடிவில் கட்டினால் மிஞ்சுவது 55 ஆயிரம் மட்டுமே. போனஸ், பழைய ஊதிய நிலுவை, முதிர்ந்த வைப்புத் தொகை ஆகியவை வரும்போது இதனை நினைவிற் கொள்ளலாம். மாறும் வட்டியில் தனிமனிதர் பெற்ற வீட்டுக் கடனை முன்கூட்டி அடைப்பதற்கு வங்கிகள் அபராதம் வசூலிக்கலாகாது என்று 2012-ஆம் ஆண்டிலேயே ரிசர்வ் வங்கி விதித்திருக்கிறது. கூடுதலாகக் கட்டும்போது, தவணையைக் குறைக்காமல் காலத்தைக் குறைக்கும்படி எழுத்து மூலம் கேளுங்கள். வட்டி இறங்கும்போதும் பழைய தவணையையே தொடர்ந்து கட்டுவது அதே பயனைத் தரும். ஆனால் நோய்க்கும் வேலையிழப்புக்கும் வேண்டிய சேமிப்பைத் தொட்டுக் கடனை அடைக்க வேண்டாம். வங்கியில் கட்டிய பணத்தை அவசரத்துக்குத் திரும்பக் கேட்க இயலாது.

கடன் முடிந்த நாளில் ஒரு கடமை இருக்கிறது. முழுத் தொகையும் செலுத்தப்பட்ட 30 நாட்களுக்குள் அசல் பத்திரங்களைத் திருப்பித் தர வேண்டும். கடன் கொடுத்தவரின் குற்றத்தால் தாமதமானால் நாளொன்றுக்கு 5,000 ரூபாய் ஈடு தர வேண்டும் என்பது 2023 டிசம்பர் முதல் நடைமுறையில் உள்ள விதி. பத்திரங்களை ஒவ்வொரு தாளாகச் சரிபார்த்து வாங்குங்கள். பதிவு அலுவலகத்தில் அடமானம் பதிவாகியிருந்தால் அதனையும் நீக்கச் செய்து, வில்லங்கச் சான்று பெற்று வையுங்கள். இவ்வளவும் முடிந்த பிறகே வீடு முழுதும் உங்களுடையது.

நேயர்களே, வீடு வாங்கும்போது அறை எத்தனை, நீர் வசதி எப்படி, பள்ளிக்கூடம் எவ்வளவு தொலைவு என்றெல்லாம் விசாரிக்கிறோம். அவற்றோடு இரண்டு எண்களையும் ஒரு தாளில் எழுதிக்கொள்ளுங்கள். இக்கடனுக்கு முடிவு வரை நாம் கட்டப் போகும் மொத்தத் தொகை ஒன்று. இந்த நகரத்தில் நாம் வாழப் போகும் ஆண்டுகள் மற்றொன்று. முதல் எண்ணை வங்கி சொல்லும். சொல்ல வேண்டியது அதன் கடமை. இரண்டாவது எண்ணை உங்கள் குடும்பம்தான் சொல்ல முடியும். இவ்விரண்டையும் அருகருகே வைத்துப் பார்த்த பிறகும் வாங்குவதே தக்கது என்று தோன்றினால், தயங்காமல் வாங்குங்கள்.